தோட்டப் பாடசாலைக் கணினிகளில் இலவச மென்பொருள்: மலையகப் பெற்றோரின் கோரிக்கைச் சாசனம்

ஹட்டன், நோர்வூட், பொகவந்தலாவை, தலவாக்கலை, அக்கரபத்தனை தோட்டங்களில் வாழும் பெற்றோரும் ஆசிரியரும் இளைஞரும், கல்வி அமைச்சிடமும் மத்திய மாகாணக் கல்வித் திணைக்களத்திடமும் தோட்டக் கம்பனிகளிடமும் கேட்பவை இவை.

சாதாரண தரத்தில் தகவல் தொடர்பாடல் தொழினுட்பம் எடுக்கும் பிள்ளைக்கு ஸ்லைட் தயாரிக்கத் தெரிந்திருக்க வேண்டும். பல்கலைக்கழகம் போனால் நாலு பேர் முன்னால் நின்று அதைக் காட்டிப் பேசவும் வேண்டும். லயத்தில் கணினி இல்லாத பிள்ளை டவுனுக்குப் பஸ் ஏறி, கடையில் காசு கொடுத்து அதைச் செய்கிறது. 2024 செப்டெம்பரில் தோட்டத் தொழிலாளியின் அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபாய் என வர்த்தமானியில் வந்தது. அப்படியான சம்பளத்தில் பவர்பாயிண்ட் மென்பொருளுக்கு வருடாவருடம் சந்தா கட்ட முடியாது. கட்ட வேண்டிய தேவையும் இல்லை.

லிப்ரே ஆபிஸ் இம்பிரெஸ் என்ற ஸ்லைட் மென்பொருள் காசில்லாமல் கிடைக்கிறது. பென் டிரைவில் கொண்டுபோய்ப் போட்டால் இணையம் இல்லாமலே ஓடும். மெனுக்களைத் தமிழில் வைத்துக்கொள்ளலாம். பவர்பாயிண்ட் கோப்பைத் திறக்கும், அந்த வடிவத்திலேயே சேமிக்கும். எத்தனை பேருக்குப் பிரதி கொடுத்தாலும் சட்டப்படி சரி. கூகுள் ஸ்லைட்ஸும் இலவசம்தான்; ஆனால் அதற்கு டேட்டாவும் சிக்னலும் வேண்டும். 2020 இல் பாடசாலைகள் மூடிக் கிடந்தபோது சிக்னல் தேடி மலையேறிய பிள்ளைகளை நாங்கள் மறக்கவில்லை.

ஆகவே முதற் கோரிக்கை: ஒவ்வொரு தோட்டப் பாடசாலைக் கணினியிலும் இம்பிரெஸை நிறுவுங்கள். கேட்கும் பிள்ளைக்கு ஒரு பிரதி கொடுத்தனுப்புங்கள். கேரள அரசு 2000களிலேயே தன் பாடசாலைகளை, இப்படி யாரும் பிரதியெடுத்துப் பகிரக்கூடிய கட்டற்ற மென்பொருளுக்கு மாற்றியது. அங்குள்ள மூணாறு தேயிலைத் தோட்டத்துப் பிள்ளைகளும் அரசுப் பாடசாலையில் அதில்தான் படிக்கிறார்கள். இலங்கைக்கும் இது புதிதல்ல. 2004 சுனாமிக்குப் பிறகு நிவாரணப் பணிக்கென இங்கே எழுதப்பட்ட சஹானா, பல நாடுகள் எடுத்துப் பயன்படுத்திய கட்டற்ற மென்பொருள்.

இரண்டாவது, எழுத்துரு. பாமினியில் தட்டிய ஸ்லைட், அந்த எழுத்துரு இல்லாத கணினியில் வெறும் ஆங்கில எழுத்துக் குவியலாகத் திறக்கிறது. இரவெல்லாம் உழைத்த பிள்ளை மறுநாள் வகுப்பின் முன் வாயடைத்து நிற்கிறது. யூனிகோட் தமிழையும் நோட்டோ போன்ற இலவச எழுத்துருக்களையும் பாடசாலைகளில் கட்டாயமாக்குங்கள். விசைப்பலகைப் பயிற்சியை ஆறாம் தரத்திலேயே தொடங்குங்கள்.

மூன்றாவது, பத்தனை ஸ்ரீபாத தேசிய கல்வியியற் கல்லூரியில் பயிலும் ஆசிரியர்களுக்கு இம்பிரெஸ் பயிற்சியும் தமிழில் ஒரு கைந்நூலும் வேண்டும். பிள்ளை எந்த மென்பொருளில் ஸ்லைட் செய்தாலும் புள்ளி குறையக் கூடாது.

நான்காவது, பூட்டிக் கிடக்கும் கணினி அறைகளைப் பாடசாலை விட்ட பின்பும் சனிக்கிழமையிலும் திறந்து வையுங்கள். தோட்டக் கம்பனிகள் தோட்டத்துக்கு ஓர் அறையும் மின்சாரமும் தரட்டும். பழைய கணினிகளைப் பழுதுபார்த்துத் தர எங்கள் இளைஞர்கள் தயார்.

அடுத்த தவணை தொடங்குமுன் எழுத்தில், தமிழில் பதில் தாருங்கள்.