டியூக் மகளுக்குப் பட்டம் இல்லை... சிவகங்கை மகளுக்கு ஜமீன் கிடைத்தது எப்படி?

லண்டனின் மேஃபேர், பெல்கிரேவியா பகுதிகளில் ஏராளமான நிலம் வைத்திருக்கும் குடும்பம் க்ரோவ்னர். 2016-ல் ஆறாவது வெஸ்ட்மின்ஸ்டர் டியூக் இறந்தபோது, இரண்டு அக்காக்கள் இருந்தும் 25 வயது தம்பி ஹியூவுக்குத்தான் பட்டம் போனது. 2025 ஜூலையில் அவருக்கு முதல் குழந்தை பிறந்திருக்கிறது. பெண் குழந்தை. விதி மாறாதவரை டியூக் பட்டம் அவளுக்குக் கிடையாது. இத்தனைக்கும் அரியணைக்கு 'மூத்த பிள்ளை யாரோ, அவருக்கே' என்று 2013-லேயே சட்டம் போட்டுவிட்டார்கள். பிரபுக்களின் பட்டங்களை மட்டும் தொடவில்லை.

'வெள்ளைக்காரங்களே இப்படியா?' என்பவர்கள், மதுரைக்குப் பக்கத்திலிருக்கும் சிவகங்கையின் கதையைக் கொஞ்சம் கேளுங்க.

வேலு நாச்சியார் ஆண்ட சீமை அது. 1801-ல் மருது சகோதரர்களை ஒழிக்க நினைத்த கம்பெனி, கௌரி வல்லப உடையத் தேவரை ஜமீன்தாராக்கியது. 1829-ல் அவர் இறந்தார். ஏழு கல்யாணம் செய்தும் ஆண் வாரிசு இல்லை. மனைவிகளும் மகள்களும்தான் மிச்சம். உடனே சகோதரரின் மகன், 'நாங்க பிரியாத கூட்டுக்குடும்பம், ஜமீன் எனக்குத்தான்' என்று வந்துவிட்டார். விதவைகள் வழக்குப் போட்டார்கள். அவர்களுக்குப் பிறகு மகள் காத்தம நாச்சியார் விடவில்லை. மதுரையில் தொடங்கிய வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1863-ல் அவர் ஜெயித்தார்!

பெண்ணுரிமையை மதித்து வந்த தீர்ப்பு என்று நினைத்துவிட வேண்டாம். குடும்பம் கூட்டாகவே இருக்கட்டும், ஆனால் ஜமீன் தேவருக்குத் தனியாகக் கிடைத்தது, முன்னோர் சொத்து அல்ல. அதனால் மனைவிக்கு, பிறகு மகளுக்கு. இதுதான் வாதம். பூர்வீகச் சொத்தாக இருந்திருந்தால் காத்தம நாச்சியார் தோற்றிருப்பார். ஒரு மகன் இருந்திருந்தால் வழக்கே வந்திருக்காது. தன் ஊரில் டியூக் பட்டத்தை மகளுக்குத் தராத லண்டன், சிவகங்கை மகளுக்கு ஜமீனைக் கொடுத்தது கொஞ்சம் வேடிக்கைதான்.

பூர்வீகச் சொத்து என்ற அந்தத் தடையைத் தமிழ்நாடு 1989-ல்தான் தளர்த்தியது. அதுவும் அதற்குமுன் கல்யாணமான பெண்களுக்கு இல்லை. 2005-ல் மத்திய அரசின் திருத்தம் வந்த பிறகே அவர்களுக்கும் பங்கு.

சட்டம் சரி. நம்ம வீடுகளில்? 'அதான் நகை போட்டு, சீர் செஞ்சு அனுப்பியாச்சே' என்ற ஒரே பேச்சில் பங்கு முடிந்துபோகிறது. அப்பா இறந்த கொஞ்ச நாளில் அண்ணன் நீட்டுவது பெரும்பாலும் விடுதலைப் பத்திரம். அதைப் பதிவு செய்துவிட்டால், பிறகு மனசு மாறினாலும் ரத்து செய்வது ரொம்பக் கஷ்டம். பிறந்த வீட்டு உறவு விட்டுப்போயிடுமோ என்ற பயத்திலேயே பல பெண்கள் படிக்காமல் கையெழுத்துப் போடுகிறார்கள்.