திரைக்குப் பின்னால் நின்றவர்

படம் வெற்றி பெற்றால் டைரக்டருக்கும் நக்ஷத்திரங்களுக்கும் மாலை போடுகிறோம்; தோற்றால் முதலாளி கடனாளியாகிறார். பணம் போடுகிறவருக்கு ஸினிமாக் கலையில் வேறென்ன பங்கு இருக்க முடியும் என்று நானும் நெடுநாள் எண்ணியிருந்தேன். ஸ்பெயின் தேசத்து எலியாஸ் கெரெஹெத்தாவின் சரித்திரத்தை அறிந்தபின் அந்த எண்ணம் போய்விட்டது.

இவர் 1934-இல் பாஸ்க் பிரதேசத்தில் எர்னானி என்னும் ஊரில் பிறந்தவர். வாலிபத்தில் ‘ரியால் ஸோஸியேதாத்’ என்ற பிரபல கோஷ்டியில் கால்பந்து ஆடினார். பிறகு பந்தை விட்டுப் படத்தொழிலில் இறங்கினார். இறங்கிய காலமோ ஜெனரல் பிரான்கோவின் சர்வாதிகாரம் கொடிகட்டிப் பறந்த காலம். அங்கே படம் பிடிக்குமுன் கதை வசனத்தை ஸென்ஸாரிடம் காட்ட வேண்டும். பிடித்து முடித்த பின் படத்தையும் காட்ட வேண்டும். இந்த இரண்டு கண்டங்களையும் தாண்டி உண்மையைச் சொல்வது எப்படி? கெரெஹெத்தாவின் தொழிலெல்லாம் இந்தக் கேள்விக்கு விடை தேடுவதாகவே இருந்தது.

1966-இல் கார்லோஸ் ஸவுராவின் டைரக்ஷனில் ‘வேட்டை’ என்ற படத்தை வெளியிட்டார். பழைய சிநேகிதர்கள் மூவர், ஒரு வாலிபனையும் அழைத்துக்கொண்டு முயல் வேட்டைக்குப் போகிறார்கள். அவர்கள் வேட்டையாடும் பொட்டல்வெளி முன்பு உள்நாட்டுப் போர் நடந்த இடம். வெயில் ஏற ஏற மனக்கசப்பும் ஏறுகிறது. முடிவில் ஒருவரையொருவர் சுட்டுக்கொண்டு சாகிறார்கள். சகோதர யுத்தத்தின் கதை இது என்பதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை. ஸென்ஸார் அதிகாரிகள் என்ன செய்தார்கள் தெரியுமா? ‘முயல் வேட்டை’ என்று முதலில் வைத்த பெயரில் முயலை மட்டும் நீக்கினார்கள்! ஸ்பானிய மொழியில் அச்சொல்லுக்கு ஓர் ஆபாசப் பொருள் உண்டாம். அந்தப் படத்துக்காக ஸவுராவுக்குப் பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடிப் பரிசு கிடைத்தது.

1974-இல் வந்த ‘அத்தான் மகள்’ போன்ற உறவுப் பெயர் கொண்ட ‘ஆங்கெலிகா’ படத்துக்கு நேர்ந்தது வேறு. அதில் பிரான்கோ கட்சிக்காரர் ஒருவர் வருகிறார். கை முறிந்து மாவுக்கட்டுப் போட்டிருக்கிறார். கட்டுப்போட்ட கை ஓயாமல் பாஸிஸ்ட் வணக்கம் செய்தபடியே நிற்கிறது! தீவிரவாதிகள் கொதித்தெழுந்தார்கள். பார்ஸிலோனாவில் படம் ஓடிய கொட்டகைக்குத் தீ வைத்தார்கள். அக்காட்சியை வெட்டிவிட்டால் தொல்லை தீரும் என்ற யோசனைக்குக் கெரெஹெத்தா இணங்கவில்லை. கேன்ஸ் நகரின் விழாவிலோ அப்படத்துக்கு ஜூரிகளின் பரிசு கிடைத்தது.

பிடிவாதம் மட்டுந்தானா அவருடைய சொத்து? இல்லை. ஒரே கோஷ்டியைப் படத்துக்குப் படம் கூடவே வைத்திருந்தார். அவர்களில் காமிரா நிபுணர் லூயிஸ் குவாத்ராதோவைத் தனியே சொல்ல வேண்டும். விக்டோர் எரிஸே 1973-இல் எடுத்த ‘தேன்கூட்டின் ஆவி’ படத்தில் வீடெங்கும் தேன் நிறத்தில் வெளிச்சம் பரவியிருக்கும். அந்த வெளிச்சத்தை அமைத்தவருக்கு அப்போதே கண்பார்வை மங்கிக்கொண்டிருந்தது. இதை நினைக்குந்தோறும் மனம் கலங்குகிறது. அவர் 1980-இல் காலமானார்.

இவ்வளவு புகழ்ந்தபின் ஒரு குறையையும் சொல்லாவிட்டால் நேர்மையாகாது. 1983-இல் வெளிவந்த ‘தெற்கு’ படமும் எரிஸேயுடையதே. வடக்கே வளரும் ஒரு பெண், தன் தகப்பனாரின் இரகசியத்தைத் தேடித் தெற்கே செல்வதாகக் கதை. வடக்குப் பகுதி முடிந்ததும் கெரெஹெத்தா படப்பிடிப்பை நிறுத்திவிட்டார். தெற்குக் காட்சிகள் பிடிக்கப்படவேயில்லை. பெண் பெட்டியைக் கட்டிக்கொண்டு கிளம்புவதோடு படம் முடிகிறது. பணமுடையே காரணம் என்றார்கள். ரஸிகர்கள் பலர் அப்படியே அதை ஒரு பொக்கிஷமாகப் போற்றுகிறார்கள். எரிஸேயோ அதைக் குறைப்படம் என்றே சொல்லிவந்தார். ஸென்ஸாரின் கத்தரிக்கோலுக்குப் பணியாத மனிதர், தம் டைரக்டருடைய படத்தின் பாதியைத் தாமே நிறுத்திவிட்டாரே! இதை என்னால் மன்னிக்க முடியவில்லை.

எரிஸேயின் அடுத்த முழுநீளப் படம் 1992-இல்தான் வந்தது. அதைத் தயாரித்தவர் கெரெஹெத்தா அல்ல. அவர் 2013-இல் மாட்ரிட் நகரில் காலமானார்.