மணமகள் தன் மணத்தைக் காண வேண்டும்

கெட்டிமேளம் முழங்க, நாதஸ்வரம் உச்சஸ்தாயியில் ஏற, கூடியிருப்போர் அனைவரும் அட்சதையைக் கையில் ஏந்தியபடி எழுந்து நிற்கும் அந்தச் சில க்ஷணங்களுக்காகத்தான் ஒரு குடும்பம் மாதக்கணக்கில் ஓடியாடி உழைக்கிறது. அந்த க்ஷணத்தில் மணமகளின் மனத்தில் என்ன இருந்தது என்று பிற்பாடு யாரும் அவளைக் கேட்பதில்லை. முந்தின ஆண்டு வைகாசியில் மணமான என் தங்கையின் மூத்த மகளை நான் கேட்டேன். பட்டும் பொன்னும் பூவுமாக மணையில் அமர்ந்து, பார்த்தவர் கண்களையெல்லாம் நிறைத்திருந்த அந்தப் பெண், சிறிது நேரம் யோசித்துவிட்டு, "எனக்குத் தலைவலி மட்டுந்தான் ஞாபகம் இருக்கு, பெரியம்மா. தாலி கட்டினதை அப்புறம் வீடியோவிலதான் பார்த்தேன்" என்றாள். முதல் நாள் வரவேற்பு முடிந்து அவள் படுத்தபோது நள்ளிரவு கடந்திருந்தது. அதிகாலை முகூர்த்தத்துக்காக இரண்டு மணிக்கு எழுப்பிவிட்டார்கள். தைத்த பூச்சடையின் பாரம் பின்னந்தலையை இழுக்க, நெற்றிச்சுட்டியின் கொக்கி வகிட்டை அறுக்க, வெறும் வயிற்றோடு ஹோமப் புகையில் அவள் அமர்ந்திருந்தாள். அவளை அப்படி அமர்த்தியவர்களில் நானும் ஒருத்தி என்பதால், அந்தப் பதில் இன்றளவும் என் நெஞ்சை விட்டு அகலவில்லை.

அலங்காரத்தை இகழ்வது என் நோக்கமன்று. ஒரு பெண்ணுக்குப் பட்டுடுத்திப் பூச்சூட்டிப் பொன் பூட்டி அழகு பார்ப்பதில் தாய்க்கும் பாட்டிக்கும் அத்தைமாருக்கும் உண்டாகும் ஆனந்தம் பரிசுத்தமானது. ஆயினும், மணப்பெண் உட்காரவும், எழவும், குனிந்து நமஸ்கரிக்கவும், அம்மி மிதிக்கவும், அக்கினியை வலம் வரவும், அருகில் அமர்ந்திருப்பவனின் முகத்தை ஒருமுறை ஏறிட்டுப் பார்க்கவும் இடங்கொடுக்கிற அளவோடு அலங்காரம் நிற்க வேண்டும் என்பதே என் அபிப்பிராயம். அந்த அளவை மீறிய எதுவும், எத்தனை விலை உயர்ந்ததாயினும், எத்தனை பேர் புகழ்ந்ததாயினும், அவளை அவளுடைய திருமணத்திலிருந்தே அப்புறப்படுத்திவிடுகிறது.

புடவையிலிருந்து தொடங்குவோம். காஞ்சிபுரத்துப் பட்டுக்கு நாம் கொடுக்கும் மதிப்பு வீணானதன்று. உடலை ஒரு நிறத்திலும் கரையை வேறொரு நிறத்திலும் தனித்தனி நாடாக்களைக் கொண்டு நெய்து, ஒவ்வோர் ஊடிழையிலும் இரண்டையும் பின்னி இணைக்கும் கோர்வை முறையும், உடலின் பாவோடு முந்தானையின் பாவைச் சேர்க்கும் பேட்னி முறையும், பட்டு நூலின்மேல் வெள்ளித் தகட்டிழையைச் சுற்றிப் பொன்முலாம் ஏற்றிய ஜரிகையும் அந்த ஊர் நெசவாளர்களின் தலைமுறைச் செல்வம். 2005-ஆம் ஆண்டில் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. ஆனால் இந்தச் சிறப்பே புடவையின் கனத்துக்கும் காரணம். உடல் முழுதும் ஜரிகை ஓடிய புடவையைக் கடையில் கண்ணாடி முன் நின்று தோளில் போட்டுப் பார்க்கையில் அந்தக் கனம் தெரிவதில்லை. முகூர்த்த வேளையின் பெரும்பகுதியை மணமகள் மணையில் சம்மணமிட்டு அமர்ந்தே கழிக்கிறாள். ஆகையால், வாங்குமுன் அதைத் தோளில் போட்டபடி, கடையில் விரித்திருக்கும் பாயிலேயே பத்து நிமிஷம் உட்கார்ந்து பார்ப்பது நல்லது. நிறத்தை விளக்கொளியில் மட்டும் பார்த்து நிச்சயிக்காமல், வாசலுக்குக் கொண்டுவந்து பகல் வெளிச்சத்திலும் பார்க்க வேண்டும். மத்தியப் பட்டு வாரியத்தின் முயற்சியால் வந்த 'சில்க் மார்க்' முத்திரை பட்டு அசலானது என்பதற்கு மட்டுமே சாட்சி. அது கைத்தறிதானா, ஜரிகை வெள்ளியா செம்பா என்பதைத் தனியே கேட்டு, பில்லில் எழுதி வாங்கிக்கொள்வதே விவேகம். விலையைக் கூட்டியே பெருமையைத் தேடாமல், கரையிலும் முந்தானையிலும் மட்டும் ஜரிகை கொண்ட இலகுவான கோர்வைப் புடவையைத் தேர்ந்தெடுக்கும் பெண்ணை நான் ரசிகை என்றே சொல்வேன்.

ரவிக்கை விஷயத்தில் நம் வீடுகளில் நேரும் தவறு ஒன்று உண்டு. ஆரி வேலைப்பாட்டுக்கென்று மாதக்கணக்கில் காத்திருந்து, அது கைக்கு வரும்போது கல்யாணத்துக்கு மூன்று நாளே பாக்கி இருக்கும். கை பிடிக்கிறது, மார்பு இறுகுகிறது என்று தெரிந்தபின் செய்வதற்கு ஒன்றுமிராது. கல்யாணத்துக்கு முந்தின வாரங்களில் பெண் இளைப்பதும் உண்டு, பூரிப்பதும் உண்டு என்பதால், பக்கத் தையலில் ஓர் அங்குலமாவது பிரித்துத் தைக்க இடம் விட்டு, பதினைந்து நாட்களுக்கு முன்பே ரவிக்கையை வாங்கிப் போட்டு, கைகளைத் தலைக்குமேல் உயர்த்திப் பார்க்க வேண்டும். மாலை மாற்றுகையில் அவ்விதம் உயர்த்தியாக வேண்டுமல்லவா? ஜரிகைக் கம்பியும் கற்களும் தோலை உராயாதபடி உள்ளே பருத்தித் துணி கொடுத்துத் தைக்கச் சொல்வதும் அவசியம். கொசுவத்தை முன்கூட்டியே மடித்து இஸ்திரி போட்டு வைக்கும் இக்காலத்து வழக்கம் மிகவும் உபயோகமானது. ஊக்கின் சுருளில் பட்டிழை சிக்கிக் கிழியாமலிருக்க, ஊக்கில் ஒரு சிறு மணியைக் கோத்த பிறகே புடவையில் குத்த வேண்டும்.

இவற்றுக்கெல்லாம் மேலாக நான் வற்புறுத்துவது ஒத்திகையை. நம்முடைய பல சமூகங்களில் மணப்பெண் ஒரு புடவையோடு மேடைக்கு வந்து, பெரியோர்கள் தொட்டு ஆசீர்வதித்த கூறைப் புடவையைப் பெற்றுக்கொண்டு உள்ளே போய், அதை உடுத்தித் திரும்பிய பிறகே தாலி ஏறுகிறது. வெளியே புரோகிதர் "நாழியாகிறது" என்று அழைக்க, உள்ளே பத்துப் பெண்கள் பத்துவிதமாக இழுக்க, அந்தச் சொற்ப நேரத்தில் பெண் படுகிற பாடு கொஞ்சமன்று. ஒன்பது கஜத்தில் மடிசார் கட்டும் வீடுகளில் சிரமம் இன்னும் அதிகம். கூறையைப் பிரிக்கலாகாது என்று நினைக்கும் குடும்பங்கள், அதே நீளமும் கனமும் உள்ள வேறொரு பட்டைக் கொண்டு, கட்டிவிடப் போகிறவர் யாரோ அவரையே அழைத்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டில் கட்டிப் பார்க்கலாம். அந்த அறைக்குள் அன்றைக்கு இரண்டு பேருக்குமேல் நுழையக் கூடாது என்பதையும் அப்போதே தீர்மானித்துவிட வேண்டும்.

ஆபரணங்களைப் பற்றிச் சொல்லுகையில் சிலருக்கு மனஸ்தாபம் உண்டாகலாம். இருந்தாலும் சொல்ல வேண்டியதைச் சொல்லித்தான் ஆக வேண்டும். ராக்கொடி, சூரியப்பிறை, சந்திரப்பிறை, நெற்றிச்சுட்டி, மாட்டல், ஜிமிக்கி, அட்டிகை, காசுமாலை, வங்கி, ஒட்டியாணம் என்று அனைத்தையும் ஒரே பெண்ணின்மேல் ஒரே வேளையில் ஏற்றும்போது, அது அவளை அழகு செய்வதற்காகவா, பிறந்த வீட்டின் சக்தியை மேடையில் கணக்குக் காட்டுவதற்காகவா என்று ஒவ்வொரு தாயும் தன் மனச்சாட்சியைக் கேட்டுக்கொள்ள வேண்டும். கழுத்துக்கு இரண்டு, காதுக்கு ஒன்று, தலைக்கு ஒன்று என்று நிறுத்தினால் குறைந்துபோவது ஒன்றுமில்லை. புதிதாகத் தங்கம் வாங்குவோர், 2023 ஏப்ரல் முதல் கட்டாயமாக்கப்பட்ட ஆறு இலக்க ஹால்மார்க் அடையாளம் நகையில் இருக்கிறதா என்று பார்த்து வாங்கட்டும். வாங்க இயலாதோர் கடன்பட வேண்டியதில்லை. நாகர்கோவிலில் உள்ள வடசேரிக் கைவினைஞர்கள் தெய்வ விக்கிரகங்களுக்கும் நாட்டியப் பெண்களுக்கும் செய்து வந்த கல் பதித்த கோயில் நகைகள் மணப்பெண்ணுக்கும் பொருந்தும். அவற்றை அணிவது எந்தக் குடும்பத்துக்கும் கௌரவக் குறைவாகாது.

தலைப்பின்னலுக்கு வருவோம். அன்று விடியற்காலையில் தலைக்குக் குளித்து, ஈரம் உலராத கூந்தலை இறுக்கிப் பின்னி, அதன்மேல் சவுரியும் பூச்சடையும் ஏற்றுவதே பாதித் தலைவலிக்குக் காரணம். முதல் நாளே எண்ணெய் நீராடி, சாம்பிராணிப் புகையில் கூந்தலை உலர்த்திக்கொண்டால் பின்னல் நன்றாய் நிற்கும். சடையின் முழு நீளத்துக்கும் பூத்தைக்காமல், கொண்டையைச் சுற்றியும் சடையின் மேற்பாதியிலும் மட்டும் மல்லிகையை அடர்த்தியாகத் தைத்தால் பாரம் வெகுவாகக் குறையும். முகூர்த்த நாட்களில் நிலக்கோட்டையிலும் தோவாளையிலும் மல்லிகை விலை ஏறுவதை அறிந்தவர்களுக்கு அதனால் செலவும் மிச்சமாகும்.

இனி மேனியைப் பற்றி. கல்யாணத்துக்கு முந்தின வாரத்தில், அதுவரை முகத்தில் தடவியிராத எந்தப் பொருளையும் தடவலாகாது. புதிய பூச்சு எதுவாயினும் ஒரு மாதத்துக்கு முன்பே கையின் உட்புறத்தில் சிறிது பூசி, இரண்டு நாள் பார்த்திருக்க வேண்டும். மருதாணி இலையின் இயற்கைச் சாயம் தோலில் மெல்ல ஏறி, ஒன்றிரண்டு நாட்களில்தான் நன்றாகச் சிவக்கும். ஆகவே முகூர்த்தத்துக்கு இரண்டு நாட்களுக்கு முன் இட்டுக்கொள்வதே முறை. பூசிய சற்று நேரத்தில் கறுப்பாய்ப் பிடிக்கும் மருதாணி மருதாணியே அன்று. அதில் பெரும்பாலும் தலைச்சாயத்தில் சேர்க்கும் பி.பி.டி. என்ற இரசாயனம் கலந்திருக்கும். அது கொப்புளத்தையும் ஆறாத தழும்பையும் உண்டாக்கக் கூடியது. எல்லாவற்றிலும் என் மனத்தை அதிகமாக வருத்துவது, பெண்ணின் நிறத்தை வெளுக்கச் செய்யும் பிரயத்தனந்தான். பெயர் தெரியாத வெளுப்புக் களிம்புகள் சிலவற்றில் சேரும் பாதரசம் சிறுநீரகத்தைக் கெடுக்கும். ஸ்டீராய்டு தோலை மெலியச் செய்யும். முகம் ஒரு நிறமும் கழுத்து ஒரு நிறமுமாக அரிதாரம் பூசி அமர்த்தப்படும் பெண், தன் சொந்த நிறம் சபைக்கு உகந்ததன்று என்ற செய்தியைத் தன் திருமண நாளிலேயே பெறுகிறாள். அதைவிடக் கொடிய அவமதிப்பை நாம் அவளுக்குச் செய்ய முடியாது. முகப்பூச்சுச் செய்பவரிடம் "இந்தப் பெண்ணின் நிறத்திலேயே செய்யுங்கள்" என்று முதல் வார்த்தையாகச் சொல்லுவது தாயின் கடமை.

வெளியே சொல்லக் கூசும் ஒரு விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். மாதவிலக்கைத் தள்ளிப்போட வேண்டி, யாரோ சொன்ன மாத்திரையை மருந்துக்கடையில் தாமாகவே வாங்கி விழுங்கும் பழக்கம் பரவியிருக்கிறது. அம்மாத்திரை எல்லா உடலுக்கும் ஒத்துக்கொள்வதன்று. விலக்கு வரும் தினத்துக்குச் சில நாட்கள் முன்பே தொடங்க வேண்டியதுமாகும். தேதி நிச்சயமானவுடனேயே பெண் வைத்தியரிடம் அழைத்துச் சென்று கேட்டுக்கொள்வதே சரியான வழி.

அலங்காரத்திற்கெல்லாம் ஆதாரம் உறக்கமும் ஆகாரமும். அதிகாலை முகூர்த்தம் வைத்துக்கொண்டு, அதற்கு முந்தின இரவில் மூன்று நான்கு மணி நேரம் மணமக்களை விளக்குகளின் வெப்பத்தில் நிற்கவைக்கும் வரவேற்பு, என் அபிப்பிராயத்தில், இரவு ஒன்பது மணிக்கு முடிந்துவிட வேண்டும். இயலாதென்றால் முகூர்த்தத்தைச் சற்றுத் தாமதமான நல்ல வேளைக்கு மாற்றிக்கொள்ள வேண்டும். விரதம் இருக்கும் வீடுகளிலும் பாலும் பழமும் விலக்கல்ல. ஒரு தம்ளர் பாலும் இரண்டு வாழைப்பழமும் உள்ளே போயிருந்தால் மேடையில் பெண்ணுக்கு மயக்கம் வராது. கனத்த புடவையோடு கழிப்பறைக்குப் போகப் பயந்து தண்ணீரையே தவிர்க்கும் பெண்கள் உண்டு; அதற்கு மருந்து, உடன் செல்ல ஒரு நம்பிக்கையான தோழியே தவிர, தாகம் அன்று. ஊக்கு, நூல், ஊசி, கைக்குட்டை, தலைவலி மாத்திரை, குடிதண்ணீர் இவை அடங்கிய ஒரு பையோடு, மணமகளைத் தவிர வேறு வேலையே இல்லாத ஒரு பெண்ணை அன்றைக்கு அவளுக்கென்று நியமித்துவிடுங்கள். அக்கினியின் அருகே அமரும் வேளையில் பாலியெஸ்டர் வலைத்துணியாலான மேலாடையும் முந்தானையும் வேண்டாம். பட்டு தீயில் மெல்லக் கருகும், செயற்கை இழையோ உருகித் தோலில் ஒட்டிக்கொள்ளும்.

இத்தனையும் இல்லாவிட்டால் திருமணம் நிறைவேறாதா என்றால், அப்படியும் இல்லை. அண்ணா முதலமைச்சராயிருந்த 1967-இல் நம் மாநிலம் செய்த சட்டத் திருத்தத்தின்படி, உற்றார் நண்பர் முன்னிலையில் ஒருவரையொருவர் வாழ்க்கைத் துணையாக ஏற்பதாகச் சொன்னாலோ, மாலை மாற்றிக்கொண்டாலோ, மோதிரம் அணிவித்தாலோ, தாலி கட்டினாலோ அந்த மணம் செல்லுபடியாகும். சட்டம் கேட்பது அந்த இருவரின் மனப்பூர்வமான சம்மதத்தைத்தான். சாஸ்திரம் கேட்பதும் அக்கினி சாட்சியாக அவர்கள் கொடுக்கும் வாக்கைத்தான். பட்டும் பொன்னும் அந்த வாக்கைச் சூழ்ந்து நிற்கும் மங்கலப் பொருள்கள். வாக்குக் கொடுப்பவள் சுயநினைவோடும் சந்தோஷத்தோடும் இருக்கையில்தான் அவற்றுக்கும் அர்த்தம் உண்டு.

என் தங்கையின் இளைய மகளுக்குச் சென்ற தையில் கல்யாணம். மூத்தவளே முன்னின்று, தங்கையைப் பட்டுடுத்தி ஒரு ஞாயிற்றுக்கிழமை பலகையில் ஒரு மணி நேரம் உட்காரவைத்தாள். காசுமாலையைக் கழற்றிப் பெட்டிக்குள் வைத்தவளும் அவளே. வரவேற்பன்று ஒன்பது மணிக்கு மேடை விளக்குகளை அணைக்கச் சொன்னவளும் அவளே. சில உறவினர்கள் குறைபட்டுக்கொண்டார்கள். மறுவாரம் மறுவீட்டுக்கு வந்த இளையவளிடம் நான் அதே கேள்வியைக் கேட்டேன். "அவர் கை நடுங்கிச்சு, பெரியம்மா. முதல் முடிச்சுப் போடவே ரொம்ப நேரமாச்சு. மத்த ரெண்டையும் போட வந்த நாத்தனார், 'பயப்படாதே அண்ணா'ன்னு மெல்லச் சொன்னாங்க. அது எனக்கும் அவருக்கும் மட்டுந்தான் கேட்டுச்சு" என்றாள். பக்கத்தில் அமர்ந்து காய் நறுக்கிக்கொண்டிருந்த அவள் அக்காள், கையை நிறுத்திவிட்டு, தங்கையின் முகத்தையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.