காலி என்று சொன்னாலும் திறந்து பாருங்கள்

கேள்வி: எங்கள் தோட்டம் மலையடிவாரத்தில் இருக்கிறது. உரிமம் உள்ள 12 போர் இரட்டைக்குழல் துப்பாக்கி ஒன்று என் பெயரில் உண்டு. தேர்தலுக்காகக் காவல் நிலையத்தில் ஒப்படைத்திருந்ததை இப்போதுதான் வாங்கி வந்தேன். குழல் மேல் செம்புள்ளியாகத் துரு தெரிகிறது, திறக்கும்போது இறுக்கமாகவும் இருக்கிறது. நானே வீட்டில் பிரித்துத் துடைக்கலாமா? உள்ளூர் பட்டறையில் கொடுக்கலாமா?
- தேனி மாவட்ட வாசகர்

பதில்: நீங்களே துடைக்கலாம். ஆனால் எதுவரை பிரிக்கலாம் என்பதற்கு ஓர் எல்லை உண்டு. பட்டறையில் கொடுக்கவே கூடாது. துப்பாக்கியைப் பழுது பார்க்க அதற்கென உரிமம் பெற்ற கடைக்காரருக்குத்தான் சட்டப்படி அனுமதி.

துடைக்கும் முறைக்குப் போகும் முன் ஒரு சம்பவத்தைச் சொல்லிவிடுகிறேன். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் மலையோர ஒன்றியம் ஒன்றில் இருந்தேன். நிலக்கடலை வயல் பார்க்கப் போன ஒரு காலையில், அந்த வீட்டு ஓட்டுக் கூரையில் முறம் அளவுக்கு ஓட்டை. அண்ணன் தம்பி இருவர். இரவில் பன்றிச் சத்தம் கேட்டு அண்ணன் தோட்டா போட்டிருக்கிறார். பன்றி வரவில்லை. அப்படியே சுவரில் மாட்டிவிட்டுப் படுத்துவிட்டார். காலையில் தம்பி எடுத்துத் துடைக்க உட்கார்ந்திருக்கிறார். திறந்து பார்க்கவில்லை. "நம்ம வீட்டுத் துப்பாக்கி எப்பவும் காலியாத்தான் சார் இருக்கும்" என்று நடுங்கிக்கொண்டே சொன்னார். வெடித்த நேரத்தில் வாய் கூரையைப் பார்த்திருந்தது. ஒரு நிமிடம் முன்புவரை அவர் மகள் எதிரே திண்ணையில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தாள். அம்மா கூப்பிட்டதால் எழுந்து போயிருக்கிறாள்.

இன்றும் யாராவது துப்பாக்கி துடைப்பதைப் பற்றிக் கேட்டால் அந்தக் கூரைதான் ஞாபகத்துக்கு வருகிறது. துரு பிடித்த துப்பாக்கியால் பணம்தான் நட்டம். காலி என்று நம்பித் தொட்ட துப்பாக்கியால் ஆளே போய்விடும்.

முதல் வேலை: காலியாக்குவது

தோட்டாக்கள் எல்லாவற்றையும் வேறு அறையில் வைத்துப் பூட்டுங்கள். துடைக்கும் இடத்தில் ஒரு தோட்டாகூட இருக்கக் கூடாது. பிள்ளைகளை வெளியே அனுப்பிவிடுங்கள். கைப்பேசியைத் தள்ளி வையுங்கள். பகல் வெளிச்சமும் காற்றோட்டமும் உள்ள இடமாகப் பாருங்கள்.

துப்பாக்கியை எடுத்ததும் வாய் ஆளில்லாத பக்கம் மண்ணைப் பார்த்து இருக்கட்டும். பக்கத்து அறையில் ஆள் இருக்கும்போது இடைச்சுவரை நம்பி அந்தப் பக்கம் திருப்பாதீர்கள். விரல் விசைக்கு வெளியே இருக்க வேண்டும். மேலே உள்ள நெம்புகோலைத் தள்ளி, குழலை மடக்கித் திறங்கள். இரண்டு தோட்டா அறைகளையும் கண்ணால் பாருங்கள். பிறகு சுண்டு விரலை விட்டுத் தடவிப் பாருங்கள். மங்கலான இடத்தில் கண் ஏமாறும், விரல் ஏமாறாது. பூட்டு விசை போட்டிருக்கிறதே என்று இருந்துவிடாதீர்கள். அதுவும் தேயக்கூடிய ஒரு சின்ன இரும்புதான்.

நீங்களே காலியாகக் கொடுத்து, காவல் நிலையத்தில் காலியாகவே திருப்பித் தந்திருப்பார்கள். இருந்தாலும் பாருங்கள். ஐந்து நிமிடம் கீழே வைத்துவிட்டுத் திரும்ப எடுத்தாலும் பாருங்கள். கையோடு, துப்பாக்கியில் உள்ள எண்ணும் உரிமத்தில் உள்ள எண்ணும் ஒன்றுதானா என்று சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

மூன்று துண்டு போதும்

காலி என்று உறுதியானதும் துப்பாக்கியை மூடுங்கள். குழலுக்கு அடியில் உள்ள முன்கட்டையை அதன் கொக்கியை விடுவித்துக் கழற்றுங்கள். சில துப்பாக்கிகளில் அழுத்துகிற பொத்தான் இருக்கும், சிலவற்றில் இழுத்தாலே வந்துவிடும். பிறகு நெம்புகோலைத் தள்ளிக் குழலை மடக்கினால், கீலில் இருந்து தூக்கி எடுத்துவிடலாம். இப்போது குழல், முன்கட்டை, விசையோடு கூடிய பின்கட்டை என்று மூன்று துண்டுகள் இருக்கும். ஒற்றைக்குழலுக்கும் ஏறக்குறைய இதே முறைதான்.

வீட்டில் இதற்கு மேல் பிரிக்க வேண்டாம். பக்கத்தகட்டுத் திருகாணிகளைத் தொடாதீர்கள். உள்ளே விசையையும் குதிரையையும் பிடித்திருக்கும் வில்கள் இருக்கின்றன. இடம் மாறி மாட்டினால், கீழே வைக்கும் அதிர்ச்சியிலேயே வெடிக்கிற துப்பாக்கியாகிவிடும்.

குழலைத் துடைப்பது

குழலை வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து, தோட்டா அறைப் பக்கமிருந்து பாருங்கள். உள்சுவர் கண்ணாடிபோல் வட்டவட்டமாக மின்ன வேண்டும். நம் ஊரில் அடிக்கடி காண்பது குளவிக்கூடு. மாதக்கணக்கில் சும்மா இருக்கும் குழலில் குளவி மண் வைத்து அடைத்துவிடும். வெளியே ஒன்றும் தெரியாது. அடைப்போடு சுட்டால் குழல் கையருகே வெடித்துப் பிளக்கும். துணி மாட்டிக்கொண்டு உள்ளேயே நின்றாலும் அதே கதைதான்.

துடைக்கும் கம்பியை எப்போதும் தோட்டா அறைப் பக்கமிருந்து விடுங்கள். கம்பி மரத்திலோ அலுமினியத்திலோ இருக்கட்டும். பிரஷ் பித்தளைக் கம்பியில் இருக்க வேண்டும். பாத்திரம் தேய்க்கும் இரும்பு நார், உப்புத்தாள் இரண்டும் ஆகாது. 12 போர் குழலின் உள்விட்டம் சுமார் 18.5 மில்லிமீட்டர். அந்த அளவுக்கான பிரஷ் என்று கேட்டுத் துப்பாக்கிக் கடையில் வாங்குங்கள்.

துப்பாக்கி துடைக்கும் திரவம் கிடைத்தால் நல்லது. கிடைக்காவிட்டால் மண்ணெண்ணெய் போதும். அடுப்பு, விளக்கு, பீடி எதுவும் பக்கத்தில் வேண்டாம். பிரஷை நனைத்து ஒவ்வொரு குழலிலும் பத்துப் பன்னிரண்டு முறை முழுநீளமும் போய்வரத் தேயுங்கள். பத்து நிமிடம் ஊறவிட்டு, பழைய பருத்தி வேட்டித் துண்டால் துடையுங்கள். முதல் துணி கறுப்பாக வரும். துணி வெள்ளையாக வரும்வரை மாற்றுங்கள். மண்ணெண்ணெய் ஈரம் கொஞ்சமும் தங்கக் கூடாது.

கடைசியாக, தையல் மெஷின் எண்ணெய் இரண்டு மூன்று சொட்டு விட்ட துணியை ஒருமுறை ஓட்டுங்கள். விரலால் தொட்டால் மினுமினுப்பு தெரிய வேண்டும், ஒழுகக் கூடாது. தேங்காய் எண்ணெய், நல்லெண்ணெய் இரண்டும் வேண்டாம். நாளாக ஆகப் பிசினாகும். தேங்காய் எண்ணெய் குளிர் காலத்தில் உறைந்தும் விடும்.

வெளிப்பக்கச் செம்புள்ளிக்கு எண்ணெய் விட்டு ஒரு மணி நேரம் ஊறவைத்து, முரட்டுத் துணியால் அழுத்தித் துடையுங்கள். லேசான துரு வந்துவிடும். விரல் நகம் மாட்டுகிற குழியாக இருந்தால் சுரண்டாதீர்கள், கடைக்காரரிடம் காட்டுங்கள். குழலுக்குள் குழி, பள்ளம், புடைப்பு, கீல் ஆட்டம் எது தெரிந்தாலும் அவர் பார்த்துச் சொல்லும்வரை சுட வேண்டாம்.

தோட்டாவை வெளியே தள்ளும் தகட்டின் இடுக்கு, குழலின் அடியில் பொருந்தும் முகம், ஊசி வெளிவரும் துளைகள் ஆகியவற்றைப் பழைய பல் துலக்கும் பிரஷால் சுத்தம் செய்யுங்கள். திறக்கும்போது இறுக்கம் என்று எழுதியிருந்தீர்கள். பெரும்பாலும் கீலில் காய்ந்த எண்ணெயும் தூசியும்தான் காரணமாக இருக்கும். அங்கே துடைத்துவிட்டுக் கடுகளவு கிரீஸ் வையுங்கள். அப்படியும் இறுக்கம் போகாவிட்டால் பலம் கொடுத்துத் திறக்காதீர்கள்.

குழலைக் கீலில் மாட்டி, மூடி, முன்கட்டையை அழுத்தினால் முடிந்தது. சரியாக இருக்கிறதா என்று பார்க்க வெறும் அறையில் விசையை அழுத்தாதீர்கள், ஊசி உடையும். வேலை முடிந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். குழல் அழுக்கில் ஈயம் இருக்கிறது. மருந்து தெளித்த கையோடு சாப்பிடக் கூடாது என்று சொல்கிறோமே, அதே கவனம் இதற்கும் வேண்டும். அழுக்குத் துணிகளை அடுப்பங்கரையில் போட்டு வைக்காதீர்கள்.

வைக்கும் இடம்

தோல் உறையிலும் கேன்வாஸ் பையிலும் போட்டு வைத்தால் அவை ஈரத்தை உறிஞ்சிக் குழலுக்கே கொடுக்கும். உறை எடுத்துப்போக மட்டும்தான். பூட்டுள்ள மரப்பெட்டியிலோ பீரோவிலோ, குழல் வாய் கீழாக நிறுத்தி வையுங்கள். எண்ணெய் பின்கட்டை மரத்துக்குள் இறங்காது. தோட்டா வேறு பூட்டில் இருக்கட்டும். இரண்டு சாவியும் உங்களிடமே இருக்கட்டும். மழைக்காலத்தில் மாதம் ஒருமுறை எடுத்துத் துடையுங்கள். மீண்டும் பயன்படுத்தும் முன் குழலுக்குள் உள்ள எண்ணெயை உலர்ந்த துணியால் எடுத்துவிடுங்கள்.

கேள்வி: என் மாமா வைத்திருந்தது செமி ஆட்டோமேட்டிக் துப்பாக்கி. அவர் சமீபத்தில் காலமானார். துருப்பிடிக்கும் முன் நான் துடைத்து வைக்கலாமா?
- நீலகிரி மாவட்ட வாசகர்

பதில்: தொடாதீர்கள். உரிமம் மாமா பெயரில்தான் இருந்தது, உங்கள் பெயரில் இல்லை. ஆயுதச் சட்டம் 1959, பிரிவு 21-ன்படி, உரிமம் பெற்றவர் இறந்துவிட்டால் வாரிசுகள் தாமதிக்காமல் துப்பாக்கியைக் காவல் நிலையத்திலோ உரிமம் பெற்ற கடைக்காரரிடமோ ஒப்படைக்க வேண்டும். நீங்களாக எடுத்துப் போவதற்குப் பதிலாகக் காவல் நிலையத்துக்குத் தகவல் சொல்லி, அவர்கள் சொல்கிறபடி செய்யுங்கள். வாரிசு பெயரில் உரிமம் கேட்பதை அதன்பிறகு பார்க்கலாம்.

இன்னொரு காரணமும் உண்டு. இரட்டைக்குழலை மடக்கினால் இரண்டு அறையும் கண்ணுக்குத் தெரிந்துவிடும். செமி ஆட்டோமேட்டிக்கில் அப்படி இல்லை. குழலுக்கு அடியில் உள்ள நீளக் குழாயில் தோட்டாக்கள் வரிசையாக இருக்கும். கைப்பிடியை இழுத்தால் ஒரு தோட்டா வெளியே விழும். அதைப் பார்த்துக் காலி என்று நினைப்பார்கள். அதற்குள் அடுத்தது அறைக்குள் ஏறியிருக்கலாம். உரிமம் உள்ளவர்கள்கூட எல்லாத் தோட்டாவையும் எடுத்து, அறையைத் திறந்த நிலையில் நிறுத்தி, அறையையும் அடிக்குழாயின் வாயையும் விரலால் தொட்டுப் பார்த்த பிறகே குழலைக் கழற்ற வேண்டும். அந்த மாடலுக்குரிய கையேடு இல்லாமல் பிரிக்கவும் கூடாது. குழாய்மேல் உள்ள வளையங்கள் வரிசை மாறினால் துப்பாக்கி ஒழுங்காக இயங்காது.

வாய்வழியாக மருந்து கெட்டிக்கும் உரிமத் துப்பாக்கி வைத்திருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. அதைத் திறந்து பார்க்க வழியில்லை. வாய்க்கு நேரே தலையையோ கையையோ கொண்டுபோகாமல் கெட்டிக்கும் கம்பியைக் குழலுக்குள் மெதுவாக விட்டு, வாயருகே அடையாளம் வையுங்கள். வெளியே எடுத்து, குழலின் மேல் அதே அளவில் வைத்துப் பாருங்கள். கம்பி முனை பின்பக்கத் துளைவரை எட்டாவிட்டால் உள்ளே மருந்து இருக்கலாம். குத்தி எடுக்கப் பார்க்காமல் கடைக்காரரைக் கூப்பிடுங்கள். காலி என்று உறுதியானால், கரிமருந்துக் கசடு ஈரத்தை இழுத்து இரும்பை அரிக்கும் என்பதால், முதலில் வெந்நீர் ஊற்றிக் கழுவி, நன்றாக உலர்த்திவிட்டு எண்ணெய் போடுங்கள்.

துப்பாக்கி உரிமம் வனவிலங்கைச் சுடும் உரிமம் ஆகாது. காட்டுப்பன்றியும் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் 1972-க்கு உட்பட்டதுதான். பயிர்ச் சேதம் என்றால் வனத்துறையில் எழுதிக் கொடுத்து இழப்பீடு கேளுங்கள்.

இந்த இதழைப் படித்து முடித்ததும் ஒரு வேலை செய்யுங்கள். துப்பாக்கி பற்றி வீட்டில் உள்ளவர்களிடம், குறிப்பாகப் பிள்ளைகளிடம், இரண்டு வார்த்தை சொல்லி வையுங்கள்: "தொடாதே. பெரியவங்களைக் கூப்பிடு." தேனி வாசகருக்குச் சொல்ல வேண்டியதைத் தலைப்பிலேயே சொல்லிவிட்டேன்.