ஒரு வசைச்சொல்லும் ஐந்து குறியீடுகளும்

மதுவுக்கு ஆட்பட்ட ஒருவரைச் சுட்டுவதற்கு எமது சமூகத்திடம் உள்ளது பெரும்பாலும் ஒரே சொல்: குடிகாரன். கலியாண வீட்டில் அளவுமீறிக் குடித்து விழுந்தவனும், ஈரல் பழுதடைந்து வைத்தியசாலையில் கிடப்பவனும், காலையில் கைநடுக்கம் தீர ஒரு மிடறு அருந்தாமல் வேலைக்குப் புறப்பட இயலாதவனும் அந்த ஒரே சொல்லுக்குள் அடக்கப்படுகின்றனர். அச்சொல் நோயைச் சொல்லவில்லை, தீர்ப்பைச் சொல்கின்றது. நாம் புகலிடம் தேடி வந்த நாடுகளின் மருத்துவமோ இம்மூவரையும் வெவ்வேறு குறியீடுகளால் பதிவு செய்கின்றது. அக்குறியீடுகளைக் கண்டு அஞ்சுவோர் எம்மிடையே உளர். அவை எவை என்றே அறியாதோர் அதனினும் பலர். அவற்றை அறிந்துகொள்வது உயிர்காக்கும் அறிவு என்பது எமது நிலைப்பாடு.

உலக சுகாதார நிறுவனம் 1990ஆம் ஆண்டு ஏற்றுக்கொண்ட நோய் வகைப்பாட்டின் பத்தாம் திருத்தத்தில், மதுசாரத்தால் விளையும் உள, நடத்தைக் கோளாறுகள் யாவும் எஃப் 10 என்ற தலைப்பின் கீழ் வருகின்றன. புள்ளிக்குப் பின் வரும் இலக்கமே கதையைச் சொல்லும். சுழியம் என்றால் அப்போதைய வெறிநிலை மட்டும். ஒன்று என்றால் உடலுக்கோ உள்ளத்துக்கோ கேடு விளைவித்துவிட்ட பாவனை. இரண்டு என்றால் மதுவில் தங்கியிருக்கும் நோய். மூன்று, குடியை நிறுத்தும்போது தோன்றும் நடுக்கம், வியர்வை, சிலவேளை வலிப்பு. நான்கு, அந்நிலையோடு சித்தக் கலக்கமும் சேர்ந்து உயிருக்கு ஆபத்தாகும் கட்டம். பதினொராம் திருத்தம் 2019இல் ஏற்கப்பட்டு 2022 ஜனவரி முதலாம் திகதி நடைமுறைக்கு வந்துள்ளபோதிலும், ஜேர்மனிய வைத்தியர்கள் கணக்குக்காக எழுதுவது இன்னும் பத்தாம் திருத்தத்தின் ஜேர்மனிய வடிவத்தையே.

ஒன்றுக்கும் இரண்டுக்கும் இடையிலான வேறுபாடே முதன்மையானது. ஒன்று என்று எழுத வேண்டுமாயின் உண்மையான உடற்கேடோ உளக்கேடோ இருத்தல் வேண்டும். குடும்பமோ ஊரோ பண்பாடோ வெறுக்கின்றது என்பது மட்டும் அதற்குச் சான்றாகாது என்று அவ்வகைப்பாடே தெளிவாகக் கூறுகின்றது. இரண்டு என்று எழுத ஆறு அறிகுறிகளுள் மூன்றாவது ஓராண்டுக் காலத்துள் ஒருங்கே தென்படவேண்டும்: அடக்கவியலா வேட்கை, அளவைக் கட்டுப்படுத்த இயலாமை, நிறுத்தும்போது உடல் படும் அவதி, அதே வெறிக்கு மேலும் மேலும் கூடிய அளவு தேவைப்படுதல், பிற நாட்டங்கள் கைவிடப்படுதல், கேடு தெரிந்தும் தொடர்தல். இவற்றுள் ஒழுக்கம் என்ற சொல் எங்கேனும் உள்ளதா? இல்லை. கிரிபித் எட்வர்ட்ஸ், மில்ரன் குரொஸ் என்னும் இரு அறிஞர்கள் 1976இல் இந்நோயை விவரித்தபோதே ஒழுக்கத் தீர்ப்பை ஒதுக்கி, கண்டறியத்தக்க அறிகுறிகளை முன்வைத்தனர்.

இவ்வகைப்பாட்டினால் நோயாளிக்குப் பயன் யாது? 1968 ஜூன் 18ஆம் திகதி அன்றைய மேற்கு ஜேர்மனியின் சமூக விவகார உச்ச நீதிமன்றம், மதுவுக்கு அடிமையாதல் ஒரு நோயே என்று தீர்ப்பளித்தது. அன்றிலிருந்து நோய்க் காப்புறுதி அதன் சிகிச்சைக்குப் பொறுப்பாகின்றது. உடலிலிருந்து மதுவை அகற்றும் முதற்கட்டச் செலவை நோய்க் காப்புறுதியும், அதன் பின்னரான நீண்ட மறுவாழ்வுச் சிகிச்சையைப் பெரும்பாலும் ஓய்வூதியக் காப்புறுதியும் ஏற்கின்றன. குறியீடு இல்லையேல் இவ்விரு கதவுகளும் திறவா.

ஆயினும் எம்மவர் குடும்பங்கள் சில, வயிற்றுப்புண் என்று மட்டும் எழுதிவிடும்படி வைத்தியரை வேண்டிக்கொள்வதுண்டு. மானம் காக்கும் முயற்சி அது, விளைவோ மாறானது. நாள்தோறும் பெருமளவு அருந்தும் ஒருவர் அதனை மறைத்து அறுவைச் சிகிச்சைக்குச் சென்றால், கட்டிலில் கிடக்கும் இரண்டாம், மூன்றாம் நாளில் மது கிடையாத உடல் கலகம் செய்யும். காரணம் அறியாத வைத்தியர் வேறெங்கோ நோயைத் தேடுவார். தகுந்த மருந்தின்றிப் போனால் அச்சித்தக் கலக்கம் உயிரையே பறிக்கக்கூடும். வீட்டில் மனவுறுதியால் ஒரே நாளில் நிறுத்துவேன் என்று சபதமிடுவோருக்கும் இதே ஆபத்து உண்டு. மனைவியும் பிள்ளைகளும் இதனை அறிந்திருத்தல் வேண்டும்.

மறுபுறத்தில், குறியீடு தவறாகவும் எழுதப்படலாம். ஜேர்மனியில் வைத்தியசாலைக்கு வெளியே மருத்துவம் செய்யும் வைத்தியர் ஒவ்வொரு குறியீட்டின் பின்னும் ஓர் எழுத்தை இடவேண்டும். ஜீ என்றால் உறுதி செய்யப்பட்டது. வீ என்றால் சந்தேகம் மட்டும். ஏ என்றால் இல்லை என நீக்கப்பட்டது. இசட் என்றால் முன்பு இருந்து தீர்ந்தது. வீ இருக்கவேண்டிய இடத்தில் ஜீ விழுந்துவிட்டால், சந்தேகம் வரலாறாகிவிடும். தனியார் காப்புறுதி நிறுவனம் கடந்தகால நோய்களைக் கேட்கும்போதும், சாரதி அனுமதிப்பத்திரம் பற்றிய விசாரணையின்போதும் அவ்வரலாறு முன்னே வந்து நிற்கும். தங்கியிருக்கும் நோயுடையவர் சிகிச்சை பெற்று, பொதுவாக ஓராண்டு மதுவிலக்கை நிரூபித்தாலன்றி வாகனம் ஓட்டத் தகுதியுடையவராகக் கருதப்படுவதில்லை. இலத்திரனியல் நோயாளர் கோப்பு 2025இல் நாடு முழுவதும் நடைமுறைக்கு வந்தபின், ஒரு வைத்தியர் எழுதியதை இன்னொருவர் காண்பதும் இலகுவாகியுள்ளது. அதனை மறுக்கும் உரிமை நோயாளிக்கு உண்டு. வேலை கொடுப்போர் அஞ்சத்தக்க அளவுக்கு எதையும் காண்பதில்லை: சுகவீன விடுப்பு அறிவித்தலில் அவருக்குத் தெரிவது நாட்கள் மட்டுமே, நோய் அன்று.

தவறான குறியீட்டின் பிறப்பிடம் பெரும்பாலும் மொழியே. எவ்வளவு குடிப்பீர் என்று வைத்தியர் கேட்கின்றார், “கொஞ்சம்” என்கின்றோம். நாற்பது வீத விஸ்கியில் அரைப்போத்தல், அதாவது 0.35 லீற்றர், 112 கிராம் தூய மதுசாரம். ஐந்து வீத பியர் அரை லீற்றரில் இருப்பதோ 20 கிராம். இரண்டையும் “கொஞ்சம்” என்ற சொல்லே மூடிவிடுகின்றது. இதனிலும் கொடியது, பன்னிரண்டு வயது மகளை மொழிபெயர்ப்பாளராக அழைத்துச் செல்லும் வழக்கம். அப்பா காலையிலும் குடிப்பாரா என்ற வினாவை அப்பாவிடமே மொழிபெயர்க்கும் நிலைக்கு ஒரு குழந்தையைத் தள்ளுதல் தகுமா? அவள் மெய்யைச் சொன்னாலும் துன்பம், மறைத்தாலும் துன்பம். பெண்ணொருத்தி குடிப்பவளாயின் ஊரின் ஏச்சு இருமடங்காகின்றது. ஆகவே அவள் வைத்தியரிடம் வாய்திறப்பதேயில்லை.

தஞ்சம் கோரி நிற்போரின் நிலை மேலும் இக்கட்டானது. முகாமின் வெறுமையும், வேலைத்தடையும், முடிவின்றி நீளும் காத்திருப்பும், உறக்கத்தில் வந்து எழுப்பும் போரின் நினைவும் போத்தலைக் கையிற் கொடுக்கின்றன. அவர்களுக்குரிய சட்டம் முதற்காலத்தில் கடும் நோய்க்கும் வலிக்குமே சிகிச்சையை உறுதி செய்கின்றது. 18 மாதங்களாயிருந்த அக்காலம் 2024 பெப்ரவரியில் 36 மாதங்களாக நீடிக்கப்பட்டது. நடுங்கும் உடலுக்குச் சிகிச்சை கிடைக்கும். நீண்ட மறுவாழ்வுக்கோ அலுவலகத்தின் கருணையை எதிர்பார்க்க வேண்டும். இங்கே நாம் வலியுறுத்துவது: எஃப் 10 எழுதப்படுமிடத்தில், பேரதிர்ச்சிக்குப் பின்னான உளக்கோளாற்றைக் குறிக்கும் எஃப் 43.1 பொருந்துமாயின் அதுவும் எழுதப்படவேண்டும். முன்னையது மட்டும் எழுதப்பட்டால் அம்மனிதன் குடித்தான் என்பதே பதிவாகும். ஏன் உறங்கவில்லை என்பது பதிவாகாது.

ஆகவே செய்யவேண்டியவை சில உள. தமது கோப்பைப் பார்வையிடும் உரிமையை 2013ஆம் ஆண்டின் நோயாளர் உரிமைச் சட்டம் எவருக்கும் தந்துள்ளது. முதற்பிரதி இலவசம் என்பதை ஐரோப்பிய நீதிமன்றம் 2023 ஒக்ரோபரில் உறுதிப்படுத்தியது. அதனைக் கேட்டுப் பெறுங்கள்; எழுத்தைப் பாருங்கள்; தவறாயின் திருத்தக் கோருங்கள். போதை ஆலோசனை நிலையங்கள் இலவசமானவை. இரகசியம் காக்கக் கடமைப்பட்டவை. ஆண்டுதோறும் கலைவிழா நடத்தும் எமது சங்கங்கள், மருத்துவ மொழிபெயர்ப்பில் பயிற்சி பெற்ற ஆணும் பெண்ணுமாகச் சிலரையேனும் உருவாக்கட்டும். குழந்தைகளை அந்த நாற்காலியிலிருந்து எழுப்புவதே முதற்பணியாகட்டும்.

குறியீடு மனிதனின் முழுமையைச் சொல்வதில்லை. அது ஓர் அலுவலகக் கருவி. ஆனால் அக்கருவியில் தீர்ந்த நோய்க்கும் ஓர் எழுத்து உண்டு. எமது வசைச்சொல்லில் அதற்கு இடமில்லை. பத்தாண்டுகள் மதுவைத் தொடாதவனையும் ஊர் பழைய பெயராலேயே அழைக்கின்றது. அந்த இடத்தை எமது பேச்சில் உண்டாக்குவதற்கு எந்தச் சட்டமும் தேவையில்லை.