கிழத்தியும் கிழவியும்

கொல்லங்குடி கருப்பாயி 2025 ஜூனில் தம் 99ஆம் அகவையில் மறைந்தபோது வந்த இரங்கற் குறிப்புகளைப் படித்து நாம் வெட்கப்பட்டோம். வானொலி வழியே ஊர் ஊராய் அறியப்பட்ட ஒரு நாட்டுப்புறப் பாடகியின் நெடிய வாழ்வை 'ஆண்பாவம் பாட்டி' என்ற இரண்டு சொல்லுக்குள் மடித்து வைத்துவிட்டார்கள். 2012 பிப்ரவரியில் எஸ்.என்.லட்சுமி மறைந்தபோதும் இதே கதைதான். ஏறத்தாழ அரை நூற்றாண்டு திரையிலும் பின்னர்ச் சின்னத்திரையிலும் நடித்தவருக்குக் கிடைத்த பட்டம் 'அம்மா நடிகை', 'பாட்டி நடிகை'.

இருவரும் பழைய இராமநாதபுரம் மாவட்டத்தின் மக்கள். லட்சுமி விருதுநகர்ப் பக்கத்தவர். கருப்பாயி வெட்டுடையார் காளி கோயிலை ஒட்டிய ஊர்க்காரர். 1985இல் மாவட்டம் மூன்றாகப் பிரிந்தது. அதே ஆண்டு இறுதியில்தான் 'ஆண்பாவம்' வந்தது. பிரிவினையில் எஞ்சிய இந்தக் கடற்கரையிலிருந்து எழுதும் நமக்கு அவ்விருவர்மீதும் உரிமை உண்டு என்றே கருதுகிறோம்.

1964 என்றால் நம் பகுதிக்குத் தனுஷ்கோடிப் புயல்தான் நினைவு. 'சர்வர் சுந்தரம்' வந்ததும் அந்த ஆண்டில்தான். அதில் நாகேஷின் தாயாக வந்த லட்சுமி, நாகேஷைவிடச் சில வயதே மூத்தவர்; நாற்பதைக்கூடத் தொடாதவர். 'ஆண்பாவ'த்தில் தந்தையாக நடித்த வி.கே.ராமசாமிக்கும் பாட்டியாக நடித்த கருப்பாயிக்கும் ஏறத்தாழ ஒரே வயது! நாயகனுக்கு வயதேறாமல் காப்பதற்காக நம் திரையுலகம் பெண்களை அவசர அவசரமாக முதுமைக்குள் தள்ளியது. ஒருமுறை நரைமுடி சூட்டிவிட்டால் பிறகு அது கழற்றப்படுவதே இல்லை.

'குணச்சித்திரம்' என்ற சொல்லையே எடுத்துக்கொள்வோம். குணத்தைச் சித்திரமாக்குவதுதான் நடிப்பு என்றால், அது எப்படி இரண்டாம் வரிசைக்குரிய பெயராயிற்று?

1990இல் 'மைக்கேல் மதன காமராஜன்'. திருட்டுக் கையை அடக்க மாட்டாத பாலக்காட்டுப் பாட்டியாக லட்சுமி. அந்தப் பாட்டிக்குத் தான் செய்வது தவறென்ற எண்ணமே முகத்தில் இராது. நகைச்சுவை அங்கேதான் பிறக்கிறது. நான்கு கமல்ஹாசன்கள் நிறைந்த படத்தில் ஒரு கிழவி தனக்கென்று இடம் பிடித்துக்கொள்வது எளிய செயலன்று. நான்கே ஆண்டுகளில், 1994இல், 'மகாநதி'யில் அதே பெண்மணி சிதைந்துபோகும் குடும்பத்தின் மாமியார். பிறகு 'விருமாண்டி'யில் (2004) பேரனை வளர்த்த கிராமத்துக் கிழவி. இறுதிக்காலத்தில் 'தென்றல்' தொடரில் வீடுதோறும் நுழைந்த பாட்டி. பாலக்காட்டு அக்கிரகாரமும் மதுரைப் பக்கத்து மண்ணும் ஒரே நாவில் எப்படிக் குடியிருந்தன என்று எவரேனும் ஆராய்ந்தோமா? மெய்ப்பாட்டியலை ஆண்டுதோறும் வகுப்பில் ஒப்பிக்கும் தமிழாசிரியர்களாகிய நமக்கு, நகையும் அழுகையும் ஒரே முகத்தில் இப்படி நின்றது கண்ணில் படவில்லை. நாயகர்களின் பாடல்வரிகளுக்கு ஆய்வேடு எழுத மட்டும் நமக்கு நேரமிருந்தது.

வணிக சினிமாவில் துணைப்பாத்திரம் துணையாகத்தானே இருக்கும் என்பார்கள். அப்படியானால் நம் அகமரபு எந்த வணிகத்துக்கு நடந்தது? அங்கே தோழி பேசுகிறாள், செவிலி பேசுகிறாள், மகளைப் பிரிந்த நற்றாய் புலம்புகிறாள், வழியிற் கண்டோருக்குக்கூடக் கூற்று உண்டு. தோழியை நீக்கிவிட்டால் குறுந்தொகையில் பாதி உயிர் போய்விடும். அகத்தில் தலைவனுக்கும் பெயரில்லை, தோழிக்கும் பெயரில்லை. அது ஒரு நீதி. திரையில் தலைவனுக்கு அடைமொழியோடு பெயர். மற்றவர்களுக்கு உறவுமுறை மட்டும். நம் இலக்கணத்தில் தலைவிக்கே 'கிழத்தி' என்றுதான் பெயர். உரிமையுடையவள் என்று பொருள். அதே வேரில் பிறந்த 'கிழவி'யை எந்த உரிமையும் இல்லாதவளாக்கியதில் திரைக்காரர்களுக்கு இணையாக நமக்கும் பங்குண்டு.

கருப்பாயிக்குக் கலைமாமணி கிடைத்தது, உண்மைதான். பட்டயம் கொடுத்தவர்களோ கைதட்டிய நாமோ அவரது பாடல்களை முழுமையாகத் தொகுத்தோமா? 'ஆண்பாவ'த்தில் அவர் பாடுகிற இடங்களை இன்னொரு முறை கேட்டுப் பாருங்கள். திரைக்கதை அங்கே சற்று ஒதுங்கி நிற்கும். வயற்காட்டில் பழகிய குரல் ஒலிவாங்கிக்காகத் தன்னைச் சுருக்கிக்கொள்ளாது. அவர் பாட்டி வேடம் போடவில்லை. கொல்லங்குடியில் எப்படிப் பாடினாரோ அப்படியே பாடிவிட்டுப் போகிறார்.