கேட்டதைக் கொடுக்கும் சிலை

1951-ம் ஆண்டில் வந்த "பாதாள பைரவி" படத்தில் ஒரு மந்திரச் சிலை. கேட்டதை எல்லாம் கொடுக்கும். அதற்காக ஏழை வாலிபனுக்கும் மந்திரவாதிக்கும் பெரும் போராட்டம்! சிலை கை மாறியதும் வாலிபனின் மாளிகையும் பறிபோகிறது.

கதை என்றால் ரசிக்கலாம். நிஜம் என்று நம்பினால்?

"கோபுரக் கலசத்தில் அபூர்வ சக்தி இருக்கிறது. பணம் போட்டால் கோடீஸ்வரன் ஆகலாம்" என்ற மோசடிப் பேச்சில் மயங்குகிறவர்கள் இன்றும் உண்டு. பனியன் கம்பெனியில் இரவும் பகலும் உழைத்துச் சேர்த்த காசு இப்படிப் போகலாமா?

திருப்பூர்ப் பிள்ளைகளுக்கு இன்னொரு கதையும் சொல்ல வேண்டும். இது அவர்கள் ஊரிலேயே நடந்தது.

1932 ஜனவரி 10-ந் தேதி. தேசியக் கொடியுடன் ஊர்வலம் சென்றார், குமரன். போலீசார் தடியால் அடித்தார்கள். மண்டை உடைந்தது. கொடியை அவர் விடவில்லை. மறுநாள் உயிர் பிரிந்தது. வயது 27.

அந்தக் கொடி வெறும் துணி. அது அடியைத் தடுக்கவில்லை, பொன்னும் கொடுக்கவில்லை. ஆனாலும் "கொடி காத்த குமரன்" என்று நாடே போற்றுகிறது.

அந்தத் துணிக்குச் சக்தி கொடுத்தது, அதைப் பிடித்த கைதான். இதைத் தெரிந்துகொண்ட பிள்ளை எந்த மந்திரவாதியிடமும் ஏமாறாது.